மரத்தடியிலும் விடாத சிக்னல்

கவனமும் களைத்துப்போகும். கணக்கு சரிபார்ப்பது, நெரிசலில் வண்டி ஓட்டுவது, குவியும் செய்திகளுக்குப் பதில் போடுவது எல்லாமே மனத்தை இழுத்துப் பிடித்துச் செய்கிற வேலைகள். இப்படிக் களைத்த கவனம் இயற்கைச் சூழலில் தேறும் என்று மிச்சிகன் பல்கலைக்கழக உளவியலாளர்கள் ரேச்சல் கப்லான், ஸ்டீபன் கப்லான் தம்பதி 1989-ல் வெளியிட்ட நூலில் விளக்கினார்கள். வேடந்தாங்கலில் நத்தைகுத்தி நாரை ஒன்று சுள்ளியைக் கவ்விவந்து கூட்டில் செருகும். பொருந்தாவிட்டால் உருவி வேறு பக்கம் செருகும். அதைப் பார்க்க மனத்தை அதட்ட வேண்டியதில்லை, கண் தானாகப் போகும். அப்போதுதான் கவனம் இளைப்பாறுகிறது. 2008-ல் அதே பல்கலைக்கழகத்தினர் இதைச் சோதித்தார்கள். மரங்களுக்கிடையே ஏறக்குறைய ஒரு மணி நேரம் நடந்து திரும்பியவர்கள், எண்களைத் தலைகீழாகச் சொல்லும் சோதனையில் முன்னேறியிருந்தார்கள். அதே ஆட்கள் நகரத் தெருவில் நடந்துவந்தபோது அந்த அளவு முன்னேற்றம் இல்லை.

இணையத் தொடர்பு குறுக்கிடுவது இந்த ஓய்வில்தான். இல்லினாய் பல்கலைக்கழக ஆய்வாளர் வில்லியம் சல்லிவன் பங்கேற்று நடத்திய ஓர் ஆய்வில், 81 பேர் 15 நிமிட இடைவேளையைச் சிலர் பசுமையான இடத்திலும் சிலர் வெறும் கட்டடச் சூழலிலும் கழித்தார்கள். சிலரிடம் மடிக்கணினி இருந்தது. கவனம் தேறியது, பசுமையான இடத்தில் கருவியில்லாமல் இருந்தவர்களுக்கு மட்டும்தான். கருவியோடு அமர்ந்தவர்களுக்கு மரங்கள் இருந்தும் பயனில்லை. கைப்பேசியை எடுக்காமலே இருந்தால் போதாதா? போதாது. 2015-ல் வெளியான புளோரிடா மாநிலப் பல்கலைக்கழக ஆய்வில், செய்தி வந்த அறிவிப்பே, அதைத் திறந்து பாராமலும், செய்துகொண்டிருந்த வேலையில் பிழைகளைக் கூட்டியது. ‘யாராக இருக்கும்’ என்று மனம் ஒருமுறை போய்வந்தாலே ஓய்வு கலைந்துவிடுகிறது.

கைப்பேசியால்தான் பலர் பறவைகளையே கவனிக்கத் தொடங்கினார்கள் என்பார்கள். உண்மைதான். குரலைக் கேட்டுப் பறவையின் பெயர் சொல்லும் மெர்லின் செயலி அப்படிப் பலரை ஈர்த்திருக்கிறது. படமெடுப்பவர்கள் கண்ணால் கண்டதைக் கூடுதலாக நினைவில் வைக்கிறார்கள், காதால் கேட்டதைத்தான் தவறவிடுகிறார்கள் என்றும் ஓர் ஆய்வு சொல்கிறது. ஆனால் மெர்லினின் தரவை முன்கூட்டியே இறக்கிவைத்தால் இணையமே வேண்டாம். ஜிபிஎஸ்ஸும் செயற்கைக்கோளிலிருந்து வருவது. வரைபடம் கைவசம் இருந்தால் டவர் இல்லாத காட்டிலும் வழிகாட்டும். கருவியை வைத்துக்கொண்டே அழைப்புகளிலிருந்து விலகியிருக்க முடியும். அதற்காக மலைகளில் டவரே கூடாது என்று கேட்பது அநியாயம். கல்வராயன் மலையில் வாழ்கிறவருக்கு 108 ஆம்புலன்ஸை அழைக்க டவர் வேண்டும். இரண்டு நாள் வந்துபோகிறவர் தன் இணையத்தைத் தானே அணைத்துக்கொள்ளலாம்.