வரப்புச் சண்டை கோர்ட்டுக்குப் போனால்...

மதுரையில் இருந்து விருதுநகர் போகும் சாலையில், திருமங்கலத்துக்குச் சற்று முன்னால் இருக்கிறது கப்பலூர். காடும் தோட்டமுமாக இருந்த ஊர். இன்று அங்கே சிட்கோ தொழிற்பேட்டை இருக்கிறது. நான்கு வழிச் சாலை இருக்கிறது. சுங்கச்சாவடி இருக்கிறது. ரோடு வந்தால் நிலத்துக்கு விலை வரும். நிலத்துக்கு விலை வந்தால் வரப்புக்கும் விலை வரும்!

முன்பெல்லாம் அடுத்தவர் வரப்பை ஒரு சாண் வெட்டினால், "போகட்டும், அண்ணன்தானே!" என்று விட்டுவிடுவார்கள். இன்று அதே ஒரு சாணுக்கு வக்கீல் நோட்டீசு வருகிறது.

எவ்வளவு நிலம்?

ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். 200 அடி நீளமுள்ள வரப்பு. பக்கத்துக் காட்டுக்காரர் அதை 2 அடி தள்ளிப் போட்டுவிட்டார் என்று வைத்துக்கொள்வோம். போனது 400 சதுர அடி. ஒரு சென்ட் என்பது 435.6 சதுர அடி. ஆக, ஒரு சென்ட்டுக்கும் குறைவான நிலத்துக்காகச் சண்டை!

அதற்காக விட்டுவிடுவதா? வேண்டாம். உரிமை உரிமைதான். ஆனால், எந்தக் கதவை முதலில் தட்டுவது என்று தெரிந்திருக்க வேண்டும்.

கல் சாட்சி

வேலிக்கு ஓணான் சாட்சி என்பார்கள். நிலத்துக்கு அது போதாது. கல்தான் சாட்சி.

அந்தக் காலத்தில் சங்கிலி பிடித்து நிலத்தை அளந்தார்கள். ஒரு சங்கிலிக்கு 66 அடி. 10 சதுரச் சங்கிலி ஒரு ஏக்கர். அளந்த இடத்தில் கல் நட்டார்கள். கல்லுக்கும் கல்லுக்கும் இடையே எத்தனை தூரம் என்று படத்தில் எழுதி வைத்தார்கள். அதுதான் புலப்படம். இன்று அதை இணையத்திலேயே பார்க்கலாம்.

ஆகவே, முதலில் தாலுகா ஆபீசில் மனுக் கொடுத்து, கட்டணம் கட்டி, நிலத்தை அளக்கச் சொல்லுங்கள். அளக்கும்போது பக்கத்து நிலக்காரரும் உடன் இருக்கட்டும். 1923-ம் ஆண்டின் சர்வே, எல்லைச் சட்டப்படி எல்லையை முடிவு செய்து அறிவித்த பிறகு, அது தவறு என்று நினைப்பவர் 3 ஆண்டுக்குள் சிவில் கோர்ட்டில் வழக்குப் போடலாம்.

கோபத்தில் எல்லைக் கல்லைப் பிடுங்கி எறியாதீர்கள். சர்க்கார் நட்ட கல்லைப் பிடுங்குவது குற்றம். சிறைக்கே போக நேரிடும்!

பட்டா வேறு, பத்திரம் வேறு

"பட்டா என் பெயரில் இருக்கிறது. எனக்கு என்ன பயம்?" என்பார் பலர். பட்டா வருவாய்த் துறையின் பதிவு. அது மட்டுமே சொந்தக்காரர் என்று காட்டிவிடாது என்று கோர்ட்டுகள் பலமுறை சொல்லியிருக்கின்றன. 1979 முதல் 1987 வரை தமிழ்நாட்டில் நிலப்பதிவேடுகளைப் புதுப்பித்தார்கள். அப்போது ஏற்பட்ட பெயர்ப் பிழையும் அளவுப் பிழையும் இன்றும் பலரைத் தாலுகா ஆபீசுக்கு அலைய வைக்கின்றன.

பத்திரம், மூலப் பத்திரம், வில்லங்கச் சான்று, நான்கு எல்லை விவரம் ஆகிய எல்லாம் ஒத்துப்போக வேண்டும். அப்போதுதான் கை ஓங்கும்.

30 ஆண்டு நடந்த வழக்கு!

வாரங்கல் ஊரில் நடந்த வழக்கைக் கேளுங்கள். ஒரு பெண்மணியிடம் 1968-ல் சிலர் காலிமனை வாங்கினார்கள். அந்த மனை, அண்ணன் தம்பி முறையில் உள்ளவர் மஞ்சள் குங்குமச் சீராக வாய்மொழியில் கொடுத்தது என்றார் அவர். பத்திரம் இல்லை! பிறகு 1977-ல், அதே உடன்பிறந்தவரிடம் இன்னொருவர் இடம் வாங்கினார். முன்னவர்கள் கடைக்கால் தோண்டியபோது தகராறு மூண்டது.

1978-ல் வழக்கு. "எங்கள் அனுபவத்தில் தலையிடக் கூடாது" என்று தடை மட்டும் கேட்டார்கள். முன்சீப் கோர்ட்டில் வெற்றி. அப்பீலில் தோல்வி. ஐகோர்ட்டில் மீண்டும் வெற்றி. 2008-ல் சுப்ரீம் கோர்ட்டு சொன்னது என்ன? "யாருக்குச் சொந்தம் என்பதே தகராறு. அப்படியானால் தடை மட்டும் கேட்டால் போதாது. சொந்தம் என்று தீர்ப்புச் சொல்லும்படியும் கேட்க வேண்டும்" என்பதே அதன் சாரம். வழக்குத் தள்ளுபடி!

30 ஆண்டு போனது. மனை யாருக்குச் சொந்தம் என்ற கேள்விக்கு மட்டும் அப்போதும் விடை வரவில்லை!

கமிஷனர் வருவார்

எல்லைத் தகராறில், வக்கீல் ஒருவரைக் கமிஷனராக நியமிக்கும்படி கோர்ட்டில் கேட்கலாம். அவர் சர்வேயருடன் வந்து அளந்து, வரைபடத்துடன் அறிக்கை கொடுப்பார். ஆனால், வழக்கை நிரூபிக்கும் பொறுப்பு வழக்குப் போட்டவருடையதுதான். எதிராளியின் பத்திரத்தில் உள்ள ஓட்டையை மட்டும் நம்பிப் போகக் கூடாது.

காலம் தாழ்த்தவும் கூடாது. அடுத்தவர் உங்கள் நிலத்தை வெளிப்படையாக, உங்கள் உரிமையை மறுத்து, 12 ஆண்டு தொடர்ந்து அனுபவித்துவிட்டால், நிலமே கைவிட்டுப் போகலாம்.

சமரசத்துக்கும் வழி உண்டு

லோக் அதாலத் என்னும் மக்கள் நீதிமன்றத்தில் இருதரப்பும் பேசி முடிக்கலாம். அங்கே முடிந்தால் அப்பீல் கிடையாது. வழக்குக்குக் கட்டிய கோர்ட்டுக் கட்டணமும் திரும்பக் கிடைக்கும். பெண்களுக்கும், ஆதிதிராவிடர், பழங்குடியினருக்கும் வருமானத்தைப் பாராமல் இலவசச் சட்ட உதவி உண்டு.

ஒன்றை மறக்க வேண்டாம். நடுராத்திரியில் வைக்கோல் படப்பில் தீப்பிடித்தால் வக்கீல் வரமாட்டார். சர்வேயரும் வரமாட்டார். குடத்துத் தண்ணீரோடு முதலில் ஓடி வருகிறவர் பக்கத்து வீட்டுக்காரர்தான். கல்லை அளந்து நடுங்கள். ஆனால், பேச்சை நிறுத்திவிடாதீர்கள்!