கூடைப்பந்து வீரரின் ஒப்பந்தம்: கையெழுத்துக்கு முன் படிக்க வேண்டிய வரிகள்

தொழில்முறைக் கூடைப்பந்து வீரர் ஒருவர் புதிய அணியில் சேரும்போது நாளிதழ்கள் அச்சிடுவது ஒப்பந்தத்தின் மொத்தத் தொகையைத்தான். அந்தத் தொகையில் எவ்வளவு உண்மையில் கைக்கு வரும், எந்தத் தேதிக்குப் பிறகு அது உறுதியாகும், எந்தச் செயலால் அந்த உறுதி பறிபோகும், அணி பணம் தராவிட்டால் எங்கே முறையிடுவது என்பவையெல்லாம் தலைப்புச் செய்தியில் இடம்பெறாத உள்வரிகளில் அடங்கியிருக்கின்றன. பெரும்பாலான வீரர்களின் ஆட்டக்காலம் முப்பது வயதைத் தாண்டிச் சில ஆண்டுகளில் முடிந்துவிடுவதால், ஒரு பருவத்தின் ஊதியம் போனால் அதை ஈடுகட்டுவதற்கான காலம் பலருக்கு மிஞ்சுவதில்லை.

அமெரிக்காவின் என்.பி.ஏ. கூட்டணியில் நுழைவதற்கான முதன்மை வழி, ஆண்டுதோறும் நடைபெறும் 'டிராஃப்ட்' என்னும் வீரர் தேர்வு. இது 2 சுற்றுகள் கொண்டது. 30 அணிகளும் வரிசைப்படி இளம் வீரர்களைத் தேர்ந்தெடுக்கின்றன. அந்த ஆண்டுக்குள் 19 வயதை எட்டுபவரே தேர்வுக்குத் தகுதியானவர் என்ற விதி 2005-ஆம் ஆண்டுக் கூட்டுப்பேர ஒப்பந்தத்தின் வழியாக வந்தது. கூட்டுப்பேர ஒப்பந்தம் என்பது அணி உரிமையாளர்களும் வீரர் சங்கமும் சேர்ந்து பல ஆண்டுகளுக்கு வகுத்துக்கொள்ளும் அடிப்படை விதித்தொகுப்பு. தனி வீரரின் ஒப்பந்தம் எதுவானாலும் இதற்குக் கட்டுப்பட்டதே. முதல் சுற்றில் எடுக்கப்படுபவருக்கு ஊதிய அட்டவணை உண்டு; முதல் 2 ஆண்டுகளுக்கு உறுதியும் உண்டு; அடுத்த 2 ஆண்டுகளில் அவரை வைத்துக்கொள்வதா என்பது அணியின் விருப்பம். இரண்டாம் சுற்றில் எடுக்கப்படுபவருக்கு இப்படியொரு தானியங்கி உறுதி இல்லை. ஆகவே முதல் சுற்றின் கடைசி இடத்துக்கும் இரண்டாம் சுற்றின் முதல் இடத்துக்கும் உள்ள தொலைவு, வரிசை எண்ணில் ஒன்றுதான் என்றாலும் பாதுகாப்பில் மிகப் பெரியது.

உறுதியளிக்கப்பட்ட ஊதியம் என்றால், அணி அந்த வீரரை இடையில் விடுவித்தாலும் கொடுத்தே தீர வேண்டிய பணம் என்று பொருள். உறுதியில்லாத ஒப்பந்தம் வைத்திருப்பவருக்கு ஜனவரி 10 முக்கியமான நாள்: அன்றைய தேதி வரை அணியில் நீடித்துவிட்டால் அந்தப் பருவத்தின் எஞ்சிய ஊதியம் உறுதியாகிவிடும் என்பதால், அதற்குச் சில நாள் முன்பே பலர் விடுவிக்கப்படுகின்றனர். ஜனவரி 5 முதல் அணிகள் '10 நாள் ஒப்பந்தம்' போடலாம். ஒரே அணியுடன் ஒரு பருவத்தில் இப்படி இரண்டு முறைக்கு மேல் போட முடியாது. அதன் பிறகு பருவம் முழுவதற்கும் எடுத்துக்கொள்ள வேண்டும் அல்லது அனுப்பிவிட வேண்டும். 2017-இல் அறிமுகமான 'இருவழி ஒப்பந்தம்' வீரரை என்.பி.ஏ. அணிக்கும் அதன் துணைக் கூட்டணியான ஜி லீக் அணிக்கும் இடையே மாறி மாறி ஆட வைக்கிறது. ஊதியமோ புதுமுக வீரருக்கான குறைந்தபட்ச ஊதியத்தின் பாதி அளவுதான். வழக்கமான 15 இடங்களைத் தவிர, அணிக்கு 3 இருவழி இடங்கள் உண்டு.

உறுதி என்ற சொல்லுக்கும் எல்லை உண்டு. மோட்டார் சைக்கிள் ஓட்டுதல் போன்ற ஆபத்தான செயல்களைச் செய்து காயமடைந்தால் ஊதியம் தர அணி கடமைப்பட்டதன்று என்று என்.பி.ஏ.வின் பொதுப் படிவமான 'சீரான வீரர் ஒப்பந்தம்' கூறுகிறது. 2002-இல் இரண்டாவதாகத் தேர்ந்தெடுக்கப்பட்டு சிகாகோ புல்ஸ் அணிக்கு ஆடிய ஜே வில்லியம்ஸ், அடுத்த ஆண்டு ஜூன் மாதம் மோட்டார் சைக்கிள் விபத்தில் படுகாயமுற்றபோது நடந்தது இதுதான். அணி சட்டப்படி எதுவும் தர வேண்டியதில்லை என்ற நிலையிலும் 30 லட்சம் டாலர் கொடுத்து ஒப்பந்தத்தை முடித்துக்கொண்டது. அது கருணையின் பேரில் கிடைத்த தொகை, உரிமையின் பேரில் கிடைத்ததன்று. அவர் அதன்பின் என்.பி.ஏ. ஆட்டம் எதிலும் ஆடவில்லை.

இக்கூட்டணியில் வீரருக்குள்ள பெரிய பலம் சங்கம். 1954-இல் பாப் கூசி முன்னின்று உருவாக்கிய வீரர் சங்கம், 1964-இல் நட்சத்திர ஆட்டத்துக்கு முன் களமிறங்க மறுத்துத்தான் ஓய்வூதியத்துக்கான வாக்குறுதியைப் பெற்றது. ஆஸ்கர் ராபர்ட்சன் பெயரில் 1970-இல் தொடுக்கப்பட்ட வழக்கு 1976-இல் சமரசமான பிறகே, ஒப்பந்தம் முடிந்த வீரர் வேறு அணிக்குச் செல்லும் வழி திறக்கத் தொடங்கியது. அணி தண்டித்தாலோ ஒப்பந்தத்தை ரத்து செய்தாலோ சங்கத்தின் வழியாகச் சார்பற்ற நடுவரிடம் குறைதீர்ப்பு மனு அளிக்கலாம். 1997 டிசம்பரில் பயிற்சியாளரின் கழுத்தை நெரித்ததற்காக லாட்ரெல் ஸ்ப்ரீவெல்லின் ஒப்பந்தத்தை கோல்டன் ஸ்டேட் வாரியர்ஸ் ரத்து செய்தது. கூட்டணி ஓராண்டுத் தடை விதித்தது. செயலை யாரும் நியாயப்படுத்தவில்லை. ஆயினும் 1998 மார்ச்சில் நடுவர் ஜான் ஃபீரிக் ஒப்பந்தம் செல்லும் என்று தீர்ப்பளித்துத் தடையை 68 ஆட்டங்களாகக் குறைத்தார். தவறு செய்தவருக்கும் நடைமுறை உரிமை உண்டு என்பதற்கு இதைவிடத் தெளிவான எடுத்துக்காட்டு இந்த விளையாட்டில் அரிது.

ஆனால் உலகின் தொழில்முறை வீரர்களில் பெரும்பாலோர் இந்த வேலிக்கு வெளியே இருப்பவர்கள். ஸ்பெயின், துருக்கி, கிரீஸ், இத்தாலி, சீனா, பிலிப்பைன்ஸ் எனப் பல நாடுகளின் கழகங்களில் அவர்கள் ஒரு பருவ ஒப்பந்தத்தில் ஆடுகிறார்கள். ஐரோப்பிய ஒப்பந்தங்களில் ஊதியம் பெரும்பாலும் வரி நீங்கிய தொகையாகக் குறிக்கப்படும். குடியிருப்பு, கார், விமானச் சீட்டு ஆகியவை தனியே சேர்க்கப்படும். மருத்துவப் பரிசோதனையில் தேறினால்தான் ஒப்பந்தம் நடைமுறைக்கு வரும் என்ற நிபந்தனையும் இருக்கும். இங்குள்ள பெரிய ஆபத்து, ஊதியம் தாமதமாவது. முதலில் ஒரு மாதத் தவணை தள்ளிப்போகும். நிதியுதவியாளர் பணம் வந்ததும் சேர்த்துத் தருவதாகக் கழகம் சொல்லும். அணி தோற்கத் தொடங்கியதும் வீரர்மீது ஒழுங்கு நடவடிக்கை என்ற பெயரில் அபராதம் விழும். பருவ முடிவில் அவர் ஊர் திரும்பும்போது இரண்டு, மூன்று மாத ஊதியம் நின்றுபோயிருக்கும்.

இந்த நிலைக்கான தீர்வாக, பன்னாட்டுக் கூடைப்பந்துக் கூட்டமைப்பான ஃபிபா (கால்பந்தின் ஃபிஃபா வேறு) 2007-இல் நடுவர் தீர்ப்பாயம் ஒன்றை ஏற்படுத்தியது. 2011 முதல் அது கூடைப்பந்து நடுவர் தீர்ப்பாயம் என்று அழைக்கப்படுகிறது. கழகம் எந்த நாட்டில் இருந்தாலும் தீர்ப்பாயத்தின் சட்டப்படியான இருப்பிடம் சுவிட்சர்லாந்தின் ஜெனீவா. ஒரே நடுவர் வழக்கை விசாரிப்பார், மொழி ஆங்கிலம், பெரும்பாலும் நேரடி விசாரணை இன்றி எழுத்து ஆவணங்களைக் கொண்டே முடிவு எடுக்கப்படும். எந்த ஒரு நாட்டின் சட்டப் பிரிவுகளையும் பற்றிக்கொள்ளாமல், பொதுவான நியாயத்தையும் நேர்மையையும் அளவுகோலாக வைத்துத் தீர்ப்பளிப்பதே இங்குள்ள வழக்கம். கழகம் இருக்கும் நாட்டின் தொழிலாளர் சட்டத்தைக் கற்றறிய வேண்டிய சுமையும், அந்நாட்டு நீதிமன்றத்தில் ஆண்டுக்கணக்கில் காத்திருக்க வேண்டிய சுமையும் இதனால் வீரருக்குக் குறைகின்றன.

இதில் பலரும் தாமதமாக அறிந்துகொள்ளும் செய்தி ஒன்று உண்டு. இத்தீர்ப்பாயத்துக்கு அதிகாரம் தானாக வருவதில்லை. தகராறுகள் ஜெனீவாவில் உள்ள கூடைப்பந்து நடுவர் தீர்ப்பாயத்தில் அதன் விதிகளின்படி தீர்க்கப்படும் என்று இரு தரப்பும் எழுத்தில் ஒப்புக்கொண்டிருந்தால் மட்டுமே அது வழக்கை ஏற்கும். அந்த ஒரு பத்தி விடுபட்டுப்போனாலோ, உள்ளூர் மொழியில் பின்னர் கையெழுத்தான இரண்டாவது ஒப்பந்தம் உள்ளூர் நீதிமன்றத்தைக் குறிப்பிட்டிருந்தாலோ, வீரரின் கோரிக்கை எவ்வளவு நியாயமானதாக இருந்தாலும் நுழைவாயிலிலேயே நின்றுவிடக்கூடும். பல நாடுகளில் உள்நாட்டுக் கூட்டணியில் பதிவு செய்வதற்காக இப்படி இரண்டாவது படிவம் ஒன்றில் கையெழுத்து வாங்கும் பழக்கம் இருப்பதால், முரண்பாடு எழுந்தால் முதல் ஒப்பந்தத்தின் ஆங்கில வடிவமே செல்லும் என்ற வாசகத்தை முதல் ஒப்பந்தத்திலேயே சேர்த்துக்கொள்வது முன்யோசனை.

தாமத ஊதியப் பிரிவும் அதே அளவு முக்கியமானது. தவணை இத்தனை நாள் தாமதமானால் வீரர் பயிற்சிக்கும் ஆட்டத்துக்கும் வராமல் இருக்கலாம், இன்னும் இத்தனை நாள் கடந்தால் ஒப்பந்தத்தை முறித்துக்கொண்டு எஞ்சிய ஊதியம் முழுவதையும் கோரலாம் என்று நாட்கணக்கோடு எழுதப்பட்ட ஒப்பந்தமே வலுவானது. அப்படி எழுதப்படாத நிலையில் கோபத்தில் பெட்டியைக் கட்டிக்கொண்டு ஊர் திரும்பும் வீரர்மீது, ஒப்பந்தத்தை மீறியவர் அவரே என்று கழகம் பழியைத் திருப்பிவிடும். ஆகவே விலகுவதற்கு முன், நிலுவைத் தொகையையும் கெடுவையும் குறிப்பிட்டு எழுத்து மூலம் அறிவிப்பு அனுப்புவதும், மின்னஞ்சல், வாட்ஸ்அப் உரையாடல், வங்கிக் கணக்கு அறிக்கை, மருத்துவ அறிக்கை ஆகியவற்றைப் பத்திரப்படுத்துவதும் இன்றியமையாதவை. வாய்மொழி வாக்குறுதியை எழுத்து ஆவணங்களைக் கொண்டு முடிவெடுக்கும் மன்றத்தில் நிறுவுவது கடினம். முறிவுக்குப் பின் அதே பருவத்தில் வேறு கழகத்தில் ஆடி ஈட்டிய தொகை, பொதுவாக இழப்பீட்டிலிருந்து கழிக்கப்படும் என்பதையும் கணக்கில் கொள்ள வேண்டும்.

தீர்ப்பாயத்துக்குச் செல்வது இலவசமன்று. திரும்பக் கிடைக்காத பதிவுக் கட்டணம் உண்டு. அதற்கு மேல் நடுவர் செலவுக்கான முன்பணத்தை இரு தரப்பும் பகிர்ந்து கட்ட வேண்டும். கழகம் தன் பங்கைக் கட்ட மறுத்தால், வழக்கு நகர வேண்டுமானால் வீரரே அதையும் கட்டியாக வேண்டும். வென்றால் செலவைத் தோற்றவர் ஏற்கும்படி நடுவர் பெரும்பாலும் ஆணையிடுகிறார் என்றாலும், சம்பளமே வராத ஒருவரிடம் இவ்வளவு முன்பணம் கேட்பது இந்த அமைப்பின் பலவீனம் என்றுதான் சொல்ல வேண்டும். சிறு தொகைக்கான வழக்குகளில் செலவும் பயனும் ஏறக்குறைய ஒன்றாகிவிடும் ஆபத்து உண்டு.

தீர்ப்பு வந்த பிறகு அதைக் கழகம் மதிக்க வைப்பதில்தான் இத்தீர்ப்பாயத்தின் தனி வலிமை தெரிகிறது. நடுவர் தீர்ப்புகளை ஏற்பது குறித்த 1958-ஆம் ஆண்டு நியூயார்க் உடன்படிக்கையின் வழியாக, இந்தியா உட்பட அதில் இணைந்த நாடுகளின் நீதிமன்றங்களில் தீர்ப்பை நிறைவேற்றக் கோரலாம். அதைவிட விரைவாக வேலை செய்வது ஃபிபாவின் தண்டனை: தீர்ப்பை மதிக்காத கழகத்துக்கு 1,50,000 யூரோ வரை அபராதம் விதிக்கலாம், புதிய வீரர்களைப் பதிவு செய்யத் தடை விதிக்கலாம். அடுத்த பருவத்துக்கு ஆள் எடுக்க முடியாது என்ற நிலை வந்ததும் பல கழகங்கள் பணத்தைக் கொடுத்துவிடுகின்றன. தடைக்குள்ளான கழகங்களின் பெயர்களை ஃபிபா வெளியிடுவதால், புதிய கழகம் ஒன்றோடு பேசும் வீரர் முதலில் அந்தப் பட்டியலைப் பார்த்துவிடுவது நல்லது. கழகமே திவாலாகிக் கலைந்துபோனால் இந்தத் தண்டனைகளுக்குப் பற்றிக்கொள்ள எதுவும் இல்லாமல் போகிறது.

நாடு விட்டு நாடு மாறும் வீரருக்குத் தடையின்மைக் கடிதம் தேவை. இது அவர் கடைசியாக ஆடிய நாட்டின் தேசியக் கூட்டமைப்பு வழங்குவது. பழைய கழகத்துடன் நடப்பு ஒப்பந்தம் இருந்தால் அதைக் காரணம் காட்டி இதை மறுக்கலாம். மற்றபடி வெறும் மனக்கசப்பின் பேரில் நிறுத்திவைக்க முடியாது. நிறுத்தினால் ஃபிபாவிடம் முறையிட வழி உண்டு. 18 வயது நிறையாதவர்களின் நாடுமாற்றத்துக்குச் சிறப்புச் சூழல்களில் மட்டுமே அனுமதி கிடைக்கும். வெளிநாட்டுப் பயிற்சிக்கழகம் என்று சொல்லிச் சிறுவர்களின் பெற்றோரிடம் பணம் கேட்பவர்களைச் சோதிக்க இந்த விதி ஒன்றே போதும்.

முகவரைப் பொறுத்தவரை, என்.பி.ஏ.யில் அவர் வீரர் சங்கத்தின் சான்று பெற்றிருக்க வேண்டும். ஒப்பந்தக் கட்டணம் ஊதியத்தில் 4 விழுக்காட்டைத் தாண்டக் கூடாது. பன்னாட்டு ஒப்பந்தங்களுக்கு ஃபிபா உரிமம் வேண்டும். இங்கே 10 விழுக்காடு வரை போகும் கட்டணத்தைப் பெரும்பாலும் கழகமே தருகிறது. தன்னைப் பேசி முடித்துக் கொடுத்தவருக்குப் படியளப்பவர் எதிர்த்தரப்பு என்பதை வீரர் நினைவில் வைத்திருந்தால் போதும். பணத்தை முதலீடு செய்பவர் முகவரிலிருந்து வேறானவராக இருப்பது பாதுகாப்பு. ஆனால் அதுவும் முழுக் காப்பு ஆகிவிடாது. ஐந்து முறை கோப்பை வென்ற டிம் டங்கனை ஏமாற்றிய நிதி ஆலோசகருக்கு 2017-இல் 4 ஆண்டுச் சிறைத் தண்டனை கிடைத்தது.

தடையில் முடியும் ஆபத்துகளில் இரண்டு குறிப்பிடத்தக்கவை. ஊக்கமருந்து விதியின் அடிப்படை, உடலில் என்ன கண்டறியப்பட்டாலும் முதற்பொறுப்பு வீரருடையது என்பதே. 2015-இல் டல்லாஸ் மேவரிக்ஸ் 52-ஆவதாகத் தேர்ந்தெடுத்த பஞ்சாப் வீரர் சத்னாம் சிங், என்.பி.ஏ. தேர்வில் எடுக்கப்பட்ட முதல் இந்தியர். 2019 நவம்பரில் எடுத்த மாதிரியில் ஹைஜெனமின் என்ற பொருள் காணப்பட்டதால் அவருக்கு 2 ஆண்டுத் தடை விதிக்கப்பட்டது. உடற்பயிற்சிக்கு முன் குடிக்கும் சில துணை உணவுகளில் இப்பொருள் கலந்திருப்பதுண்டு. மற்றொன்று சூதாட்டம்: டொராண்டோ ராப்டர்ஸ் அணியின் ஜான்டே போர்ட்டருக்கு 2024 ஏப்ரலில் வாழ்நாள் தடை விழுந்தது. அவர் இருவழி ஒப்பந்தத்தில் இருந்தவர் என்பதைக் கவனிக்க வேண்டும். உறுதி குறைந்த இடங்களில் இருப்பவர்களையே சூதாட்டத் தரகர்கள் எளிதில் நெருங்குகின்றனர்.

இந்தியாவில் பாதை வேறுவிதமானது. நிலையான முழுநேரக் கூட்டணி இல்லாத பல்லாண்டுகளில், சென்னையின் இந்தியன் ஓவர்சீஸ் வங்கி, தெற்கு ரயில்வே, ஐ.சி.எஃப். போன்ற துறை அணிகளில் விளையாட்டு ஒதுக்கீட்டு வேலையாகவே கூடைப்பந்துத் தொழில் இருந்து வந்திருக்கிறது. இங்கே வீரர் ஊழியர். பணி நிலை குறித்த சிக்கலுக்கு ரயில்வே ஊழியர் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தை அணுகலாம், பொதுத்துறை வங்கி ஊழியர் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு தாக்கல் செய்யலாம். அத்தகைய ஊழியர் ஒருவர் ஒரு பருவம் வெளிநாட்டில் ஆட விரும்பினால், துறையின் விடுப்பு ஆணை, இந்தியக் கூட்டமைப்பின் தடையின்மைக் கடிதம், ஜெனீவாத் தீர்ப்பாயத்தைக் குறிப்பிடும் ஒப்பந்தம் ஆகிய மூன்றும் கைக்கு வந்த பின்னரே விமானச் சீட்டை ஏற்க வேண்டும். விடுப்பு ஆணை இல்லாமல் புறப்பட்டால், வெளிநாட்டு ஒப்பந்தம் இடையில் முறியும்போது திரும்பி வருவதற்கான வேலையும் ஒழுங்கு நடவடிக்கையில் சிக்கியிருக்கும்.