முறிந்த உறவு, மூடப்படாத குழாய்

2017 ஜூனில் ஐக்கிய அரபு அமீரகம் கத்தாருடன் தூதரக உறவை முறித்தது. வான்வழியும் கடல்வழியும் அடைபட்டன. துபாயின் ஜெபல் அலி துறைமுகம் வழியாக வந்த சரக்கை, கத்தார் ஓமானின் சோஹார் வழியே வரவழைத்தது. ஆனால் கடலடியில் செல்லும் டால்பின் எரிவாயுக் குழாயை இரு தரப்பும் மூடவில்லை. நாளொன்றுக்குச் சுமார் 200 கோடி கன அடி எரிவாயு, 2007 முதல் அதன் வழியே கத்தாரிலிருந்து அமீரகத்துக்குப் போகிறது. அமீரகத்தின் மின்சாரமும், கடல்நீரைச் சுத்திகரித்து எடுக்கும் குடிநீரும் அதை நம்பியிருந்தன.

வணிகம் இருந்தும் பகை மூண்டதே என்று கேட்கலாம். உண்மைதான். ஆனால் கப்பல் சரக்குக்கு மாற்றுவழி கிடைத்துவிடும். குழாய்க்கு அவ்வளவு எளிதில் கிடைக்காது. விற்பவருக்கும் வாங்குபவருக்கும் இருந்த அந்தத் தேவைதான் பகைக்கு எல்லை வகுத்தது என்பேன். 2021 ஜனவரியில் சவூதி அரேபியாவின் அல் உலாவில் சமரச ஒப்பந்தம் கையெழுத்தானது. தூதரகங்கள் திறக்க 2023 ஆகிவிட்டது.