கௌடாப் பாற்கட்டியும் மலைநாட்டுப் பசும்பாலும்

லிந்துலைப் பகுதியில் கரட், லீக்ஸ், கோவா முதலியன பயிரிடுவோர் பலர் ஒன்றிரண்டு பசுக்களையும் வளர்த்து வருகின்றனர். எரு மரக்கறிப் பாத்திக்கும், பால் சேகரிப்பு நிலையத்துக்கும் செல்கின்றன. சேகரிக்கப்படும் பாலில் ஒரு பகுதி பாற்கட்டியாக, அதாவது சீஸாக, மாறுவதும் உண்டு. தலவாக்கலைக்கு அப்பால், பத்தனையை அடுத்த போகாவத்தையில் ‘கொத்மலை’ என்னும் பெயரால் பாற்பொருட்களை ஆக்கும் தொழிற்சாலை அமைந்துள்ளது. ஆகவே பாற்கட்டியின் வரலாற்றையும் இயல்பையும் பால் கறப்போர் அறிந்திருத்தல் நன்று.

மென்சுவையுடைய பாற்கட்டிகளுள் உலகெங்கும் பெயர் பெற்றது கௌடா. இஃது ஒல்லாந்து தேசத்து நகரம் ஒன்றின் பெயராகும். ஆயினும் பாற்கட்டியைச் செய்தவர்கள் அந்நகரைச் சூழ்ந்த நாட்டுப்புறக் குடியானவர்களே. ஈரம் மிகுந்த அவர்களது தாழ்நிலம் தானியத்துக்கு ஏற்றதன்று, புல்லுக்கே ஏற்றது. எனவே பசுக்களை வளர்த்து, பாலை வீட்டிலேயே கட்டியாக்கிக் கௌடாச் சந்தையில் விற்றனர். 1668 இல் அங்கு கட்டப்பட்ட நிறுவை மண்டபம் இன்றும் நிற்கின்றது.

இதன் மென்சுவைக்குக் காரணம் யாது? இளஞ்சூடான பாலில் நன்மை செய்யும் பற்றீரியாக்களையும் றெனற் என்னும் நொதியத்தையும் சேர்ப்பர். பால் திரண்டதும் அத்திரளை வெட்டி, தெளிநீரில் ஒரு பகுதியை வடித்து, அதற்குப் பதிலாக வெந்நீர் ஊற்றுவர். இதனால் பாற்சர்க்கரை குறைந்து புளிப்பும் குறைகின்றது. பின்னர் அச்சிலிட்டு அழுத்தி, உப்புநீரில் ஊறவைத்து, குளிர்ந்த அறையில் சில வாரங்களேனும் முதிரவிடுவர். ஒரு கிலோகிராம் பாற்கட்டிக்கு ஏறத்தாழ 10 லீற்றர் பால் வேண்டும்.

மடிநோய்க்கு நுண்ணுயிர்கொல்லி மருந்து பெற்ற பசுவின் பால் சிறிதளவு கலந்தாலும், அந்நன்மை செய்யும் பற்றீரியாக்கள் வளரமாட்டா. அயலார் பலரின் பாலும் சேர்ந்தே வீணாகும். ஆகையால், மிருக வைத்தியர் குறித்த நாட்கள் கழியும்வரை அப்பாலை விற்கலாகாது. கன்றீன்ற பசுவின் கடும்புப்பாலையும் கலத்தல் கூடாது. அது கன்றுக்கே உரியது. மடியையும் கையையும் கழுவித் துடைத்த பின்னரே கறத்தல் வேண்டும். பாத்திரத்தை வெந்நீரால் கழுவிக் கவிழ்த்து உலர்த்துக. கறந்த பாலைத் தாமதியாது நிலையத்திற் சேர்ப்பிக்க. தூய பால் இன்றேல் நல்ல பாற்கட்டி இல்லை.