சதுரங்கத்தைப் புத்தகத்தில் கற்க முடியுமா?

சதுரங்க ஆட்டம் ஒன்று பாதியில் நிற்கிறது. பலகையில் ஏறக்குறைய 24 காய்கள் உள்ளன. அந்தப் பலகையை உங்களுக்கு 5 விநாடி மட்டும் காட்டி மூடிவிடுகிறோம். பிறகு ஒரு வெற்றுப் பலகையைக் கொடுத்து, அதே காய்களை அதே கட்டங்களில் வைக்கச் சொல்கிறோம். எத்தனை காய்களைச் சரியாக வைப்பீர்கள்?

புதிதாக ஆடக் கற்றவர் 4 காய்களைச் சரியாக வைத்தார். நன்றாக ஆடுபவர் 8 காய்களை வைத்தார். சதுரங்க வல்லுநரோ 16 காய்கள் வரை வைத்துவிட்டார். அமெரிக்காவின் கார்னகி மெலன் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த வில்லியம் சேஸ், ஹெர்பர்ட் சைமன் என்னும் இருவர் 1973-இல் வெளியிட்ட சோதனை இது. இவர்களுள் சைமன் 1978-இல் பொருளாதாரத்துக்கான நோபல் பரிசு பெற்றவர்.

வல்லுநருக்கு நினைவாற்றல் அதிகம், அவ்வளவுதானே என்று உங்களுக்குத் தோன்றும். சற்றுப் பொறுங்கள். சோதனையின் இரண்டாம் பகுதியில் காய்களை ஓர் ஒழுங்கும் இல்லாமல் பலகையில் இறைத்து வைத்தார்கள். உண்மையான ஆட்டம் எதிலும் அப்படி ஒரு நிலை வராது. இப்போது வல்லுநராலும் இரண்டு மூன்று காய்களுக்கு மேல் நினைவில் வைக்க முடியவில்லை. புதியவரின் நிலையும் அதுவே! பின்னாளில் நடந்த ஆய்வுகள், இத்தகைய பலகையிலும் வல்லுநருக்குச் சிறிதளவு முன்னிலை உண்டு என்று காட்டின. ஆனால் முன்பு கண்ட 16-க்கும் 4-க்கும் உள்ள இடைவெளியோடு ஒப்பிட்டால் அது மிகச் சொற்பமே.

இது எப்படி? ஓர் எளிய உதாரணம் பார்ப்போம். ‘திருவண்ணாமலை’ என்ற சொல்லை ஒரு கணம் பார்த்தால் போதும், பிழையில்லாமல் எழுதிவிடுவீர்கள். அதே ஏழு எழுத்துகளை ‘ணாலைருமதிண்வ’ என்று மாற்றிக் காட்டினால்? ஒரு கணம் பார்த்துவிட்டு எழுதுவது கடினம். எழுத்துகள் அவைதாம், எண்ணிக்கையும் அதேதான். முதலில் நீங்கள் நினைவில் வைத்தது ஏழு எழுத்துகளை அல்ல, ஒரே ஓர் ஊரின் பெயரை.

சதுரங்க வல்லுநரும் இதையே செய்கிறார். கோட்டை கட்டிய ராஜா, அருகில் ஒரு யானை, முன்னே மூன்று சிப்பாய்கள்: புதியவருக்கு இவை ஐந்து காய்கள். வல்லுநருக்கோ இது ஒரே ‘சொல்’. இப்படிப்பட்ட வடிவங்களைப் பல்லாயிரக் கணக்கில் அவர் மனத்தில் சேர்த்து வைத்திருக்கிறார். சைமனும் அவருடைய குழுவினரும் இந்த எண்ணிக்கை 50,000 அளவில் இருக்கலாம் என்று மதிப்பிட்டார்கள்.

அதற்கு முன்பே, 1946-இல், நெதர்லாந்தின் உளவியலாளர் அட்ரியான் டி குரூட் இன்னொரு செய்தியைக் கண்டறிந்திருந்தார். அவர் ஆட்டக்காரர்களிடம் ஒரு நிலையைக் கொடுத்து, மனத்தில் ஓடுவதை வாய்விட்டுச் சொல்லச் சொன்னார். உலகப் புகழ்பெற்ற ஆட்டக்காரர்கள் சாதாரண ஆட்டக்காரர்களைவிட மிக அதிகமான நகர்த்தல்களை முன்கூட்டிப் பார்ப்பார்கள் என்றுதான் நாம் எண்ணுவோம். ஆனால் அவர் அப்படிப் பெரிய வேறுபாடு எதையும் காணவில்லை. சிறந்தவர்கள் நல்ல நகர்த்தல்களை மட்டும் எடுத்து ஆராய்ந்தார்கள். எதை ஆராய வேண்டும் என்று அவர்களுடைய கண்ணே காட்டிக் கொடுத்தது.

ஆகவே, சதுரங்கம் கற்பது என்றால் அந்தக் கண்ணைப் பெறுவது. அதைப் புத்தகத்திலிருந்து பெற முடியுமா? முடியும். ஆனால் புத்தகத்தைப் படிக்கும் முறையைப் பொறுத்தது அது.

மூன்று காய்கள், ஒரு பாடம்

1921 முதல் 1927 வரை உலக வீரராக விளங்கிய கியூபா நாட்டின் கபபிளாங்கா, 1921-இல் ‘சதுரங்க அடிப்படைகள்’ என்னும் பொருள்படும் பெயரில் ஒரு புத்தகம் எழுதினார். ஆட்டத்தின் தொடக்கத்தை விரிவாகப் பேசுமுன் முடிவைக் கற்பிக்கிறது அந்நூல். காய்கள் குறைந்த நிலையில்தான் ஒவ்வொரு காயின் வலிமையும் தெளிவாகத் தெரியும் என்பது அதன் அணுகுமுறை. இயற்பியலில் உராய்வே இல்லாத தளத்திலிருந்து பாடத்தைத் தொடங்குகிறோம் அல்லவா? அதைப் போன்றது இது.

பலகை ஒன்றை எடுத்துக்கொள்ளுங்கள். நெடுவரிசைகளுக்கு ஏ முதல் எச் வரை எட்டு எழுத்துகள், குறுக்குவரிசைகளுக்கு 1 முதல் 8 வரை எண்கள். வெள்ளை ராஜாவை ஈ5-இலும், வெள்ளைச் சிப்பாயை அதன் பின்னே ஈ4-இலும், கறுப்பு ராஜாவை ஈ7-இலும் வையுங்கள். வேறு காய் எதுவும் இல்லை. வெள்ளை நகர்த்த வேண்டிய முறை என்றால் ஆட்டம் சமன். கறுப்பு நகர்த்த வேண்டிய முறை என்றால் வெள்ளை வெல்லும்.

ஏன் என்று தெரிந்துகொள்ள மேலே படிக்காமல் பலகையில் ஆடிப் பாருங்கள். எதிரெதிரே நிற்கும் இரு ராஜாக்களில், நகர வேண்டியவர் வழிவிட நேர்கிறது. கறுப்பு ராஜா டி7-க்கு ஒதுங்கினால் வெள்ளை ராஜா எஃப்6-க்கு முன்னேறிச் சிப்பாயின் பாதையைக் காக்கும். வெள்ளை ராஜா டி5-க்கு ஒதுங்கினாலோ கறுப்பு ராஜா டி7-க்கு வந்து மீண்டும் எதிரே நின்றுவிடும். இதைப் பத்து முறை ஆடிப் பார்த்தவருக்கு இந்த மூன்று காய்களும் இனி மூன்று அல்ல, ஒன்று. அந்த நிலை பத்து நகர்த்தல் தள்ளி வரப்போகிறது என்பதைக்கூட அவர் கண் பிடித்துவிடும்.

விடையை மறைத்த புத்தகம்

1966-இல் அமெரிக்காவில் ‘பாபி ஃபிஷர் சதுரங்கம் கற்பிக்கிறார்’ என்ற பொருளுள்ள தலைப்பில் ஒரு நூல் வந்தது. ஃபிஷர் 1972-இல் உலக வீரர் ஆனவர். இந்நூலில் நீண்ட விளக்கங்கள் கிடையா. ஒரு படம், ஒரு கேள்வி, அவ்வளவுதான். வாசகர் தம் விடையை மனத்தில் முடிவு செய்த பிறகே பக்கத்தைப் புரட்டிச் சரிபார்க்க வேண்டும். படங்களெல்லாம் சில வகை வடிவங்களையே திரும்பத் திரும்பக் காட்டும். கண்ணைப் பழக்குவதற்கு இது நல்ல வழி.

இன்று இணையத்தில் இதைவிடப் பன்மடங்கு வசதி உண்டு. 2010-இல் தொடங்கிய லிசெஸ் என்னும் தளத்தில் இலட்சக் கணக்கான புதிர்கள் காசில்லாமல் கிடைக்கின்றன. தலைசிறந்த வீரர்கள் ஆடிய ஆட்டங்களையும் வீட்டிலிருந்தே பார்க்கலாம். ஸ்டாக்ஃபிஷ் போன்ற ஆட்ட எஞ்சின், எந்த நிலைக்கும் சிறந்த நகர்த்தலை விநாடியில் சொல்லிவிடும். உலக வீரர்களையே மிஞ்சிய வலிமை அதற்கு உண்டு.

வசதி பெருகிய இடத்தில்தான் ஆபத்தும் இருக்கிறது. எஞ்சின் விடையைச் சொல்லும். நாம் நினைத்தது ஏன் தவறு என்று நம் சொற்களில் சொல்லாது. மேலே கண்ட மூன்று காய் நிலையைக் கொடுத்தால் ‘0.0’ என்று ஓர் எண்ணைக் காட்டும். சமன் என்பது அதன் பொருள். அந்த எண்ணைப் பார்த்தவர் எதிர்நிற்றல் என்னும் கருத்தைக் கற்றுவிட்டாரா? இல்லை. ஒரு காணொளியில் வல்லுநர் விளக்கும்போது எல்லாம் புரிவதுபோல் இருக்கும். அடுத்த நாள் தனியே பலகை முன் அமர்ந்தால்தான், புரிந்தது அவருக்கா நமக்கா என்பது தெரியும்.

2024 டிசம்பரில் தம் 18-ஆம் வயதில் உலக வீரரான சென்னையின் குகேஷ், பயிற்சியின் தொடக்க ஆண்டுகளில் எஞ்சினை நாடாமலே வளர்ந்தவர். அவருடைய பயிற்சியாளர் விஷ்ணு பிரசன்னா கையாண்ட முறை அது. எஞ்சினே கூடாது என்பதல்ல இதன் பாடம். முதலில் நீங்கள் சிந்தியுங்கள், உங்கள் விடையைத் தாளில் எழுதுங்கள், பிறகு எஞ்சினைக் கேளுங்கள். இரண்டும் வேறுபட்டால் காரணத்தைத் தேடுங்கள். அந்தத் தேடல்தான் பாடம்.

கற்பிப்பவரும் கற்பார்

தம்பிக்கோ தங்கைக்கோ சதுரங்கம் சொல்லிக் கொடுங்கள். 32 காய்களையும் முதல் நாளே அடுக்காதீர்கள். சிப்பாய்களையும் ராஜாக்களையும் மட்டும் வைத்து ஆடவிடுங்கள். ‘இங்கே வை’ என்று சொல்லாமல், ‘எதிராளி ஏன் அங்கே வைத்தான்?’ என்று கேளுங்கள். ‘ஏன் இது கூடாது?’ என்று குழந்தை திருப்பிக் கேட்கும்போது, பதில் சொல்ல முடியாமல் நீங்கள் திணறும் இடம் ஒன்று வரும். நீங்கள் மீண்டும் படிக்க வேண்டிய பக்கம் அதுதான்.

சேஸ், சைமன் சோதனையையும் வீட்டிலேயே செய்து பார்க்கலாம். ஏதேனும் ஓர் ஆட்டத்தின் நடுநிலையை ஒரு பலகையில் அமையுங்கள். நண்பருக்கு 5 விநாடி காட்டி மூடுங்கள். சரியாக வைத்த காய்களின் எண்ணிக்கையைக் குறித்துக்கொள்ளுங்கள். பிறகு அதே காய்களைக் கண்டபடி இறைத்து மீண்டும் சோதியுங்கள். நன்றாக ஆடும் ஒருவரையும் ஆடத் தெரியாத ஒருவரையும் ஒப்பிடுங்கள். ஒரே முறையில் முடிவு கட்டிவிடாமல், வெவ்வேறு நிலைகளைக் கொண்டு பல முறை செய்து சராசரி எடுப்பது அறிவியல் முறை.

இவையெல்லாம் சதுரங்கத்தோடு முடிவதில்லை. 1981-இல் மிச்செலின் சீ என்பவரும் அவருடைய குழுவினரும் இயற்பியல் கணக்குகளை அட்டைகளில் எழுதிக் கொடுத்து, ஒரே வகையானவற்றைச் சேர்த்து அடுக்கச் சொன்னார்கள். புதிய மாணவர்கள் சாய்தளக் கணக்குகளை ஒரு பக்கமும் கப்பிக் கணக்குகளை ஒரு பக்கமும் வைத்தார்கள். தேர்ந்தவர்களோ ஆற்றல் அழிவின்மை விதியால் தீரும் கணக்குகளை ஒன்றாகச் சேர்த்தார்கள். அவற்றில் சாய்தளமும் இருந்தது, சுருள்வில்லும் இருந்தது. அவர்கள் கண் படத்தைக் கடந்து விதியைக் கண்டது.

வகுப்பில் ஒவ்வோர் ஆண்டும் நான் காண்பதும் இதுவே. விடைக் குறிப்பேட்டை நான்கு முறை படித்து வந்த மாணவர், கப்பிக்குப் பதில் சுருள்வில் வந்தவுடன் தடுமாறுகிறார். பத்துக் கணக்குகளை மட்டுமே தாமாக முயன்று, அவற்றில் ஆறு தவறாகி, அந்த ஆறும் ஏன் தவறின என்று பார்த்தவர் சமாளித்துக்கொள்கிறார். சதுரங்கப் புத்தகமானாலும் இயற்பியல் புத்தகமானாலும், விடை இருக்கும் பக்கத்தின்மேல் முதலில் ஒரு தாளை வைத்து மூடுங்கள். பிறகு பலகையைப் பாருங்கள்.