சாதிச் சான்றிதழ் மீது விசாரணை: குழு முன் நிற்பவருக்கு என்னென்ன உரிமை?

வேலைக்குச் சேர்ந்து இருபது வருஷம் ஆகியிருக்கும். திடீரென்று ஒரு நோட்டீஸ்: சாதிச் சான்றிதழின் மெய்த்தன்மையை விசாரிக்க வேண்டும், ஆஜராகவும். எஸ்.சி., எஸ்.டி. ஒதுக்கீட்டில் அரசு வேலைக்கு வந்த யாருக்கும் இது நேரலாம். சான்றிதழ் போலி என்று முடிவானால் வேலை போகும். எத்தனை வருஷம் பணியாற்றியிருந்தாலும் அது காப்பாற்றாது என்று 2017-ல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அப்படியென்றால் விசாரணை எப்படி நடக்க வேண்டும்?

"தாசில்தார் கொடுத்த சான்றிதழ்தானே, மறுபடி எதுக்கு விசாரணை?"

போலிச் சான்றிதழில் ஒருவர் உள்ளே வந்தால், உண்மையான எஸ்.சி. அல்லது எஸ்.டி. ஒருவரின் இடம் பறிபோகிறது. இதைத் தடுக்க 1994 செப்டம்பர் 2-ல் உச்ச நீதிமன்றம் 15 வழிகாட்டுதல்களை வகுத்தது. தமிழகத்தில் எஸ்.சி. சான்றிதழ்களை மாவட்ட அளவிலான குழுவும், எஸ்.டி. சான்றிதழ்களை மாநில அளவிலான கூர்நோக்குக் குழுவும் சரிபார்க்கின்றன.

ஒரு விஷயம் கவனிக்க. இங்கே 1989 நவம்பர் 11-க்குப் பிறகுதான் எஸ்.டி. சான்றிதழ் தரும் அதிகாரம் தாசில்தாரிடமிருந்து கோட்டாட்சியருக்குப் போனது. அதற்கு முன் தாசில்தார் கொடுத்த நிரந்தரச் சான்றிதழ், அவர் கொடுத்தது என்பதற்காக மட்டும் செல்லாமல் போய்விடாது.

"போலின்னு அவங்கதானே நிரூபிக்கணும்?"

இல்லை. 'நான் இந்தச் சமூகம்தான்' என்று நிரூபிக்கும் பொறுப்பு சான்றிதழ் வைத்திருப்பவருக்கே. அதனால்தான் விசாரணை நடைமுறை இவ்வளவு முக்கியமாகிறது. தனக்கு எதிராக என்ன இருக்கிறது என்றே தெரியாதவர் எதை வைத்து நிரூபிப்பார்?

"குழு என்னென்ன செஞ்சாகணும்?"

1994 தீர்ப்பின்படி:

- விஜிலன்ஸ் பிரிவு சொந்த ஊரிலும் விசாரித்து, பள்ளிப் பதிவேடு போன்றவற்றைப் பார்த்து அறிக்கை தர வேண்டும்.
- அறிக்கை பாதகமாக இருந்தால், அதன் நகலுடன் விளக்கம் கேட்டு நோட்டீஸ் அனுப்ப வேண்டும்.
- பதில் தர 2 வாரம். அதிகபட்சம் 30 நாள்.
- நேரில் விளக்கம் சொல்லவும், ஆதாரம் தரவும் வாய்ப்பு கேட்டால் தர வேண்டும்.
- முடிவுக்கான காரணங்களை உத்தரவில் எழுத வேண்டும்.

"சடங்கு பத்திக் கேட்டாங்க, எனக்குத் தெரியலையே?"

எஸ்.டி. வழக்குகளில் குலதெய்வம், திருமண முறை, இறுதிச் சடங்கு பற்றியெல்லாம் கேட்பார்கள். மூன்று தலைமுறையாக நகரத்தில் வாழும் குடும்பத்துக்கு இதில் பாதி தெரியாமல் போகலாம். இந்தத் தேர்வு மட்டுமே உரைகல் ஆகாது என்று 2023-ல் மகாராஷ்டிர வழக்கொன்றில் மூன்று நீதிபதிகள் அமர்வு சொன்னது. சுதந்திரத்துக்கு முந்தைய ஆவணங்களுக்கு மதிப்பு அதிகம். தாத்தாவின் பள்ளிப் பதிவேடு கிடைத்தால் விடாதீர்கள்.

"ஒரு தடவை முடிஞ்ச விசாரணையை மறுபடி திறக்கலாமா?"

நினைத்தபோதெல்லாம் முடியாது. தமிழகத்தைச் சேர்ந்த ஒரு பெண் ஊழியரின் சான்றிதழ் சரியானதே என்று மாவட்டக் குழு 1999-ல் முடிவு செய்தது. பின்னர் விசாரணை மீண்டும் தொடங்கி, 2008-ல் சான்றிதழ் ரத்தானது. 2021-ல் உச்ச நீதிமன்றம் அந்த ரத்தை நீக்கியது. மோசடி நடந்திருந்தாலோ, முறையான விசாரணை இல்லாமல் சான்றிதழ் தரப்பட்டிருந்தாலோ மட்டுமே மறுபடி திறக்கலாம் என்றது.

"முடிவு தப்பா வந்தா?"

சிவில் வழக்கு போட முடியாது. அரசியல் சாசனத்தின் 226-வது பிரிவின்கீழ் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடலாம். அங்கே சாட்சிகளை முதலிலிருந்து விசாரிக்க மாட்டார்கள். குழு முறைப்படி நடந்ததா என்பதையே முக்கியமாகப் பார்ப்பார்கள். அறிக்கை நகல் தரவில்லை என்றால், எழுத்துப்பூர்வமாகக் கேட்டு, கேட்டதற்கு ஒப்புகைச் சீட்டு வாங்கி வையுங்கள். நாளை கோர்ட்டில் பேசப்போவது அந்தச் சீட்டுதான்.