விண்வெளியும் தனிமையும்

தனிமை இருவகைப்படும். இடத்தால் வருவது ஒன்று. நெஞ்சால் வருவது மற்றொன்று. விண்வெளியைப் பொருளாகக் கொண்ட படங்களிற் பல முதலாவதனையே காட்டுவன. இரண்டாவதனைக் காட்டும் குறும்படம் ஒன்று 2015ஆம் ஆண்டில் அமெரிக்காவில் வெளிவந்தது. 'வேர்ல்ட் ஒவ் ருமோறோ' என்பது அதன் பெயர். 'நாளைய உலகம்' என நாம் தமிழிற் கூறலாம்.

இதனை ஆக்கியவர் டொன் ஹேர்ட்ஸ்பெல்ட். பெரும் படநிறுவனங்களைச் சாராது, தாமே எழுதி, தாமே வரைந்து, தாமே இயக்கும் கலைஞர் அவர். படம் 17 நிமிட அளவினதே. சிறுவர் வரையும் கோட்டுருவங்களை ஒத்தவையே அதன் பாத்திரங்கள். எனினும், சன்டான்ஸ் திரைப்பட விழாவிற் குறும்படத்துக்குரிய பெரும்பரிசை அது பெற்றது. ஒஸ்கார் பரிசுக்கும் நியமிக்கப்பட்டது.

எமிலி என்னும் சிறுமியிடம், 227 ஆண்டுகளின் பின் வாழும் அவளது படியுரு வந்து தன் வரலாற்றைக் கூறுகிறாள். நிலவில் இயந்திர மனிதரை மேற்பார்வை செய்தவள் அவள். சூரிய ஒளியால் இயங்கும் அவற்றுக்கு மரணபயம் ஊட்டப்பட்டிருந்தது. நிலவிற் பகலும் இரவும் ஒருமுறை மாறிவர ஏறத்தாழ 29½ நாள் செல்லும். இருளின் எல்லை மெல்லவே நகரும். ஆதலின், ஓயாது நடப்பின் ஒளியிலேயே இருத்தல் கூடும். அவ்வாறே அவை நடக்கின்றன. நடந்தவாறே அவளுக்குத் துயரக் கவிதைகளை அனுப்புகின்றன. அவளோ கல்லொன்றின்மேற் காதல் கொண்டவள். இவற்றையெல்லாம் உணர்ச்சியற்ற குரலிற் சொல்கிறாள். அறிவு வளர்ந்த உலகில் நெஞ்சு வறண்டமைக்கு இதனினும் சான்று வேண்டுமோ?

சிறுமிக்குக் குரல் தந்தவள் இயக்குநரின் உடன்பிறப்பின் மகள், வயது நான்கு. எழுதிய வசனத்தைப் பேசும் பருவம் அன்றாகையால், அவள் விளையாடுகையிலும் படம் வரைகையிலும் பேசியவற்றைப் பதிவுசெய்து, அவற்றுக்கு இயையக் கதையை அமைத்தனர். முதியவள் இறப்பைப் பேச, குழந்தை தன் விளையாட்டைப் பேசுகிறது. படத்தின் நகையும் அவலமும் இம்முரணிலேயே பிறக்கின்றன.

எதிர்கால உலகம் 60 நாளில் விண்கல்லால் அழியவுள்ளது. அதன்முன் அவள் நாடி வந்தது பொன்னும் அன்று, புகழும் அன்று. எமிலி தன் தாயுடன் ஒருநாள் நடந்துசென்ற சிறு நினைவே.

யூபிலி மலரைப் புரட்டும் பழைய மாணவரும் இத்தகைய நினைவுகளையே நாடுவர் என்பது நம் துணிபு. அவர்கள் திரும்பிவந்து தேடும் சாதாரண நாள்கள், இன்றைய மாணவரே, இப்பொழுது உங்கள் கையில் இருக்கின்றன.